பரிபூரணத்தின் சாட்சியம்

கோர்ட்டு கூடுவதற்குள் டாக்டர் வேதசிரோமணி தன் நாடியைத் தானே பிடித்துப் பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கு எரிச்சலாக வந்தது. கட்சிக்காரரின் பயம் வக்கீலுக்கும் தொற்றும்.

"ஆராவமுதன் சார், பரிபூரணம் அக்காவால நின்னு சாட்சி சொல்ல முடியாது. ஒரு ஸ்டூல் கேளுங்க."

"கேக்கறேன். அவ கூண்டுல இருக்கறச்சே நீங்க அந்தப் பக்கமே திரும்பப்படாது. ஜாடை காட்டினேள்னு காசிராஜன் பிடிச்சுப்பான். அப்புறம் கேஸ் போச்சு."

காசிராஜன் எதிர்த்தரப்பு வக்கீல். பரீட்சை நடத்தின சர்வகலாசாலைக்காக மதுரையிலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூருக்கு வந்திருந்தான். கெட்டிக்காரன். அதுதான் என் கவலை.

விஷயம் இதுதான். ராஜபாளையத்தில் கைராசிக்காரர் என்று பெயரெடுத்திருந்த வேதசிரோமணி எம்.டி. பரீட்சைக்குப் போனார். எழுதின தாள்களில் ஒரு குறையும் இல்லை. கடைசியில் ஆஸ்பத்திரியில் ஒரு நோயாளியைக் காட்டி, விசாரித்து, இன்ன வியாதி என்று எழுதச் சொன்னார்கள். கட்டிலில் கிடந்தவள் கூமாப்பட்டிப் பரிபூரணம். மகள் வீட்டுக்குப் போன இடத்தில் மூச்சு முட்டி ஆஸ்பத்திரியில் சேர்ந்தவள். இவருடைய தகப்பனாரிடம் மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்தவள். வாத்தியார் மகன் என்று தெரிந்ததும் ஒன்றையும் ஒளிக்காமல் சொல்லியிருக்கிறாள். சின்ன வயதில் மூட்டெல்லாம் வீங்கினது, படி ஏறினால் இரைப்பது, இருமினால் ரத்தம் வருவது. இருதயத்தில் ஒரு வால்வு சுருங்கிவிட்டது என்று இவர் எழுதினார்.

பிறகு பரீட்சகர் வந்து அவளையே கேட்டார். அவள் கும்பிட்டு, "எனக்கு ஒண்ணும் இல்லை சாமி" என்றுவிட்டாள். இரைப்பு? இல்லை. ரத்தம்? இல்லவே இல்லை. வால்வு சுருங்கினால் இருதயத்தில் கேட்கும் மெல்லிய சத்தமும் அன்று பரீட்சகர் காதில் விழவில்லை. நோயாளி சொல்லாததை இட்டுக்கட்டி எழுதினவர் என்று மார்க்கைப் பூஜ்யமாக்கினார்கள். இனிப் பரீட்சைக்கே உட்காரக் கூடாது என்று தடையும் போட்டார்கள். ராஜபாளையத்தில் அதற்குள் 'பொய் டாக்டர்' என்று பேச்சு கிளம்பிவிட்டது. அந்தத் தடையை நீக்கத்தான் இந்த வழக்கு.

"ஏம்மா அப்படிச் சொன்னே?" என்று நான் பரிபூரணத்தைக் கேட்டிருந்தேன்.

"தம்பி கை வச்சுப் பாத்த பொறவும் நோவு இருக்குன்னு சொன்னா, அவியளுக்கு என்ன பேரு கெடைக்கும்?" என்றாள். நான் தலையில் அடித்துக்கொண்டேன். இந்த மரியாதைக்கு எந்தச் சட்டத்தில் இடம் இருக்கிறது?

முன்சீப் நல்ல மனுஷர். ஸ்டூல் போடச் சொன்னார். அவள் உட்காரமாட்டேன் என்றாள். "தொரைக்கு முன்னால உக்காரவா?"

என் கேள்விகளுக்கு ஒழுங்காகப் பதில் சொன்னாள். மூட்டு வீக்கம், இரைப்பு, ரத்தம், எல்லாவற்றையும் டாக்டரிடம் சொன்னது உண்மை என்றாள். முன்சீப் தம் கையாலேயே எழுதிக்கொண்டார். எனக்குச் சற்று மூச்சு வந்தது.

காசிராஜன் எழுந்தான். "டாக்டருக்கு நல்ல பேர் வரணும்னு அன்னிக்குப் பொய் சொன்னீங்க?"

"ஆமாங்க."

"இன்னிக்கும் அவருக்கு நல்ல பேர் வரணும்னுதானே வந்திருக்கீங்க?"

"பின்ன எதுக்குங்க அம்புட்டுத் தூரத்திலேருந்து வாரேன்?"

கோர்ட்டில் சிரித்தார்கள். முடிந்தது என்றே நினைத்தேன். இனி அவள் சொல்லும் எந்த உண்மையையும் யார் நம்புவார்கள்?

"சரி, இப்ப உடம்புக்கு என்ன?" என்றான் காசிராஜன்.

அவள் கூண்டின் கட்டையை இறுகப் பிடித்துக்கொண்டு டாக்டரைத் தேடினாள். அவரோ நான் சொன்னபடி தரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஒண்ணும் இல்லைங்க. தம்பி மருந்துல நல்லாத்தான் இருக்கேன்."

சொல்லி வாய் மூடுவதற்குள் இருமல் வந்துவிட்டது. முந்தானையால் வாயைப் பொத்தினாள். அந்தச் சத்தத்துக்கு வேதசிரோமணி நிமிர்ந்தார். நான் அவர் கோட்டைப் பிடித்து இழுத்தேன்.

"உக்காருங்கோ! கேஸ் போயிடும்!"

உதறிவிட்டு ஓடினார். சரிந்தவளைத் தாங்கி, சுவரோடு சாய்த்து உட்கார வைத்தார். "அக்கா, எங்க வலிக்குது? சொல்லுக்கா."

"சாட்சிக்குச் சொல்லிக்கொடுக்கிறார்!" என்று காசிராஜன் கத்தினான்.

பரிபூரணம் டாக்டரின் கையைத் தள்ளினாள். "எனக்கு ஒண்ணும் இல்லை தம்பி. நீங்க போயி உக்காருங்க, கேசு கெட்டுப் போகும்."

முன்சீப் எழுந்து நின்று எட்டிப் பார்த்தார். பிறகு நின்றபடியே எழுதி, உரக்கப் படித்தார். "சாட்சி தனக்கு ஒன்றும் இல்லை என்கிறாள். உதடு நீலம் பாரித்திருக்கிறது. முந்தானையில் ரத்தம். கோர்ட்டார் நேரில் கண்டது."

காசிராஜன் உட்கார்ந்துவிட்டான். நாங்கள் ஜெயித்துவிட்டோம் என்று எனக்குப் புரிந்தது.

வேதசிரோமணியின் காதில் அது எதுவும் விழவில்லை. "எனக்கு ஒரு பேரும் வேண்டாம். இன்னிக்காவது இருக்குன்னு சொல்லுக்கா," என்று கெஞ்சினார். கண்ணீர் அவள் கையில் விழுந்தது.

அவள் அவர் முகத்தையே பார்த்தாள்.

"இருக்கு தம்பி," என்றாள். "ரொம்ப இருக்கு."