செவ்வாய்க்கிழமை பொங்கிய பால்

முத்துச்செல்வி தன் சொந்த வீட்டுக்குள் போக இரண்டு வருஷமாக நல்ல நாள் கிடைக்கவில்லை. நாள் பார்த்தது அவளில்லை, பாண்டுரங்கன்.

சுங்குவார்சத்திரத்தில் அவள் அந்த வீட்டை வாங்கியபோதே அவன் அதில் வாடகைக்கு இருந்தான். அடுத்த மாசம் காலி செய்கிறேன் என்றான். அடுத்த மாசம் ஆடி. ஆடியில் யாராவது வீடு மாறுவார்களா? பிறகு புரட்டாசி வந்தது, மார்கழி வந்தது. தையில் மச்சினிக்குக் கல்யாணம் என்றான். பங்குனி ஆகவே ஆகாது என்றான். அவனுக்கு மட்டும் வருஷத்தில் பன்னிரண்டு மாசம் போதவில்லை.

முத்துச்செல்விக்கோ அவசரம். கணவன் மஸ்கட்டில். அவள் கம்பெனியில் அசெம்பிளி லைனில் நின்று வேலை பார்த்துவிட்டு லேடீஸ் ஹாஸ்டலில் தூங்கினாள். அங்கே பிள்ளைகளுக்கு இடமில்லை. மூன்று வயதில் மகன் ஐயனாரைச் சங்கரன்கோவிலில் நாத்தனார் வீட்டில் விட்டுவிட்டு வந்தவள். இப்போது அவனுக்கு ஐந்து. ஜூனில் வீடு கிடைத்தால் இங்கே ஒன்றாம் வகுப்பில் சேர்க்கலாம். கிடைக்காவிட்டால் இன்னொரு வருஷம் போனில்தான் பிள்ளை வளர்க்க வேண்டும்.

கடைசியில் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனாள். இன்ஸ்பெக்டர் போட்ட சத்தத்தில், 31.5.2011 அன்று காலி செய்து சாவி தருகிறேன் என்று பாண்டுரங்கன் தன் கையாலேயே எழுதிக் கொடுத்தான். சட்டை வாங்கக்கூட நாள் பார்க்கிறவன், அன்று பயத்தில் காலண்டரைப் பார்க்க மறந்துவிட்டான்.

அந்தத் தேதியில் முத்துச்செல்வி லீவு போட்டு, புதுப் பானையும் பால் பாக்கெட்டுமாக வந்து நின்றாள். வீட்டில் ஒரு கரண்டிகூட நகரவில்லை.

"இன்னிக்கு செவ்வாக்கெயமம்மா. சாவிய எப்டி குடுப்பேன்?" என்றான் பாண்டுரங்கன். "நாளைக்கு அமாவாச. அடுத்த நாளு பாட்டிம, ஆவாது. வெள்ளிக்கெயம வூட்டு லட்சுமிய வெளிய அனுப்ப முடியுமா? ஆவணி பொறக்கட்டும், பாத்துக்கலாம்."

"ஆவணியா?"

அவனைத் தள்ளிக்கொண்டு நேரே அடுப்படிக்குப் போனாள். அவன் மனைவி இசைவாணி சோறு வடித்துக்கொண்டிருந்தாள். முத்துச்செல்வி காலியாகக் கிடந்த அடுப்பில் தன் பானையை வைத்துப் பாலை ஊற்றிப் பற்றவைத்தாள்.

"இன்னாம்மா பண்றே? செவ்வாக்கெயம எவளாச்சும் பால் காய்ச்சுவாளா?" என்று அலறினான் பாண்டுரங்கன்.

"எனக்கும் நாள் கிழமை தெரியும் அண்ணாச்சி. பிள்ளைய விட்டுட்டு இருக்கிற எனக்கு எல்லா நாளும் செவ்வாதான்!"

பால் பொங்கி அடுப்பெல்லாம் வழிந்தது. இசைவாணி அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு சோற்றுப் பானையை இறக்கி வைத்தாள்.

"யோவ், போய் டெம்போ இட்டுக்கினு வா. இன்னொருத்தி பால் பொங்குன வூட்ல இனிமே நான் சோறாக்க மாட்டேன்."

"அதுக்கில்லடி, செவ்வாக்கெயம..."

"அத நீ எழுதிக் குடுக்கறப்பவே பாத்திருக்கணும்!"

சாயங்காலத்துக்குள் வீடு காலியானது. கட்டிலும் பீரோவும் டெம்போவில் ஏறின. சாவியைக் கையில் தராமல் வாசற்படியில் வைத்துவிட்டு டெம்போவுக்குப் போனான் பாண்டுரங்கன். முத்துச்செல்வி அதை எடுத்துக்கொண்டாள். உடனே நாத்தனாருக்குப் போன் போட்டு மகனைக் கூப்பிடச் சொன்னாள்.

"ஐயனாரு, வீடு கெடச்சிட்டுடா. ஞாயித்துக்கிழம அம்மா வந்து ஒன்னயக் கூட்டிட்டு வாரேன்."

"எத்தன நாளைக்கும்மா?" என்றான் பையன். "எங்க வீட்டுக்கு எப்பம் திரும்பி வரணும்?"

வாசலில் டெம்போ அப்போதுதான் நகர்ந்துகொண்டிருந்தது. போனைக் கையில் பிடித்தபடியே தெருவுக்கு ஓடினாள். இரண்டு வருஷமாக அண்ணாச்சி, அண்ணாச்சி என்று கெஞ்சிய வாய்தான் அது.

"ஏலே பாண்டுரங்கா!" என்று தெருவே திரும்பிப் பார்க்கக் கத்தினாள். "நீ வெளங்குவியாலே?"