துரை தலையைத் தூக்கவில்லை

துரை என்பது நாயின் பெயர். யாரும் தேடிப்போய்க் கொண்டுவந்த நாயில்லை. ஒரு மழை நாளில் படிக்கட்டுக்கு அடியில் வந்து படுத்துக்கொண்டு, போ என்றால் கொட்டாவி விட்டது. "துரைக்கு எழுந்திருக்க மனசு வரலையாக்கும்" என்று வீட்டுக்காரர் கேலி செய்ததில் பெயர் நிலைத்தது. பெயரோடு மரியாதையும் ஒட்டிக்கொண்டது. துரை சாப்பிட்டாரா, துரை வெளியே போயிட்டு வந்தாரா, துரை செருப்பைக் கடிச்சுட்டாரு. அந்த வீட்டில் யாரும் அவரை 'அது' என்று சொன்னதே கிடையாது. மகளுக்கு அப்போது ஒன்றரை வயது. 'அப்பா'வுக்கு அடுத்தபடியாக அவள் சொல்லிப் பழகிய சொல் 'தொர'.

வீட்டுக்காரருக்குச் சரக்குக் கப்பலில் எஞ்சின் வேலை. ஆறு மாதம் கடல், இரண்டு மாதம் வீடு. கப்பலுக்கு சிக்னல் கிடைத்தால்தான் அவர் குரல் வரும். அவர் மனைவிக்கு வேலை நகரத்தின் ஓரத்தில் ஒரு பழைய கிடங்கில். பொம்மையை மயிரிழை நகர்த்தி ஒரு படம், மறுபடி மயிரிழை நகர்த்தி இன்னொரு படம் என்று எடுத்துச் சேர்த்து, பொம்மைக்கு உயிர் இருப்பது போலக் காட்டுகிற வேலை. ஒரு நொடிக்குப் பன்னிரண்டு அசைவு. காலையிலிருந்து மாலை வரை குனிந்து நின்றால் மூன்று நொடி தேறும். இரண்டரை வருடமாக அங்கே ஒரே படம்தான் ஓடிக்கொண்டிருந்தது: ஒரு சிறுமியும் அவளோடு வளர்ந்து கிழடாகிப்போன நாயும்.

"ஒரு நாய் வாலை ஆட்ட ஒரு வாரமா? எங்க துரை ஓசியிலேயே ஆட்டுறாரேம்மா!" என்பார் கீழ்வீட்டு வேன்காரர்.

அவர் சொன்னதில் தப்பில்லை. துரையைப் பார்த்துத்தான் அவள் பொம்மை நாய்க்கு நடை பழக்கினாள். படுப்பதற்கு முன் இரண்டு சுற்று சுற்றுவது, காதை மட்டும் திருப்பிக் கேட்பது எல்லாம் துரை போட்ட பிச்சை. படம் சூடு பிடித்த பிறகு துரையைப் பார்க்க நேரமில்லை. அவள் வீடு வரும்போது மகளும் துரையும் சாப்பிட்டு முடித்து, ஒரே விரிப்பில் கிடப்பார்கள். மகளை வாண்டு என்றுதான் எல்லோரும் கூப்பிடுவார்கள். பத்து வயது.

பள்ளி விடுமுறையில் ஒரு புதன்கிழமை. அவள் கையில் இருந்தது படத்தின் முடிவில் வரும் காட்சி. கிழட்டு நாய் படுத்திருக்கிறது. சிறுமி அதன் தலையில் கை வைக்கிறாள். நாய் மெல்லத் தலையைத் தூக்கி அவளைப் பார்க்கிறது. சுற்றிலும் கறுப்புத் திரை. வெளிச்சம் பொம்மையின் மேல் தெறித்துவிடக் கூடாது என்று உள்ளே வேலை செய்பவர்கள் கறுப்புச் சட்டைதான் போட வேண்டும். கைப்பேசி வாசலில் ஒரு டப்பாவில். அசைவின் நடுவில் விட்டுவிட்டுப் போனால் பொம்மையின் கழுத்து இறங்கிவிடும். திரும்பி வந்து தொடர்ந்தால் திரையில் நாய் துள்ளுவது போலத் தெரியும்.

இரண்டு மணிக்குத் திரைக்கு வெளியே ஆபீஸ் பெண்ணின் குரல் கேட்டது.

"அக்கா, வீட்டிலேருந்து போன். வாண்டு பேசுறா."

"என்னவாம்?"

"துரைக்கு உடம்பு சரியில்லையாம். உங்களைக் கேக்குறா."

நாயின் தலை பாதி எழும்பியிருந்தது. "இன்னும் எட்டு அசைவு இருக்கு. முடிச்சிட்டுக் கூப்பிடறேன்னு சொல்லிடு" என்றாள்.

எட்டு அசைவு முடிய மூன்றே முக்கால் மணி ஆனது. அதற்குள் காதில் ஒரு கற்றை ரோமம் கலைந்துவிட, இடுக்கியால் அதைப் படியவைத்தாள். அப்புறம் அடுத்த அசைவு வந்துவிட்டது. அவள் கூப்பிட்டபோது மணி ஆறு.

"பரவாயில்லம்மா" என்றாள் வாண்டு. "முடிஞ்சிருச்சு."

வீட்டுக்கு வந்தால் தரை கழுவியிருந்தது. விரிப்பு மடித்து அலமாரி மேல் இருந்தது. வேன்காரரின் மனைவி கதவருகில் நின்று தணிந்த குரலில் விஷயத்தைச் சொன்னாள். மத்தியானம் துரையின் வயிறு உப்பிக்கொண்டதாம். வேன்காரர் தூக்கிப் போட்டுக்கொண்டு மருத்துவமனைக்கு ஓட்டினாராம். குடல் முறுக்கிக்கொண்டது, இந்த வயதில் கத்தி வைத்தால் தாங்காது, ஊசி போட்டு வலியில்லாமல் அனுப்பிவிடலாம் என்று டாக்டர் சொல்ல, வீட்டுப் பெரியவர் இடத்தில் வேன்காரரே கையெழுத்துப் போட்டாராம். அடக்கத்தைத் தாங்களே பார்த்துக்கொள்கிறோம் என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்களாம். வாண்டு கழுத்துப்பட்டையை மட்டும் கேட்டு வாங்கிக்கொண்டாளாம்.

"பிள்ளை ஒரு சொட்டு அழல. எனக்கு அதான் பயமா இருக்கு" என்று சொல்லிவிட்டு அந்த அம்மா போனாள்.

தானும் அழவில்லை என்பது அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. பல் பிடுங்க ஊசி போட்டால் உதடு நம்முடையதா என்றே தெரியாதே, அப்படி மொத்தமாக மரத்திருந்தது. ரொட்டி சுட்டாள். வாண்டு இரண்டு தின்றாள். துரைக்கு என்று எடுத்துவைக்கும் ஓரத்துண்டு தட்டில் தங்கியது. யாரும் தொடவில்லை. பிறகு அவளே அதை எடுத்து வாயில் போட்டுக்கொண்டாள்.

மறுநாள் வாண்டுவைக் கீழ்வீட்டில் விட்டுவிட்டு வேலைக்குப் போனாள். விஷயம் தெரிந்து, கிடங்கில் விளக்கு போடும் லைட் அண்ணன், "ரெண்டு நாள் வீட்டுல இருந்தா என்னம்மா? யார் என்ன கேக்கப் போறாங்க?" என்றார்.

"கழுத்து இறங்கிடும்ணே" என்றாள். அவர் விளக்கைப் போடப் போய்விட்டார்.

சாயங்காலம் காட்சியைப் போட்டுப் பார்த்தார்கள். அப்படியே கச்சிதம். நாய் தலையைத் தூக்கிய இடத்தில் ஆபீஸ் பெண் மூக்கை உறிஞ்சினாள். டைரக்டர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அவள் மட்டும் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தாள். அந்த எட்டு அசைவு எங்கே ஆரம்பித்து எங்கே முடிகிறது என்று அவளுக்குத் துல்லியமாகத் தெரியும். ஒரு நொடியில் முக்கால்கூட இல்லை. கண் சிமிட்டினால் தப்பிவிடும்.

சனிக்கிழமை கிடங்குக்கு விடுமுறை. கீழ்வீட்டில் எல்லோரும் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டார்கள். பாக்கி வேலை இருந்ததால் வாண்டுவையும் கூட்டிக்கொண்டு போனாள். வாண்டு பொம்மை நாயைச் சுற்றிச் சுற்றி வந்து பார்த்தாள், தொடவில்லை. காட்சியைக் காட்டச் சொன்னாள். பார்த்தாள்.

"துரை இப்படிப் பண்ணலம்மா."

"எப்படி?"

"நான் கை வச்சப்போ தலையைத் தூக்கல. தூக்க முடியல. கண்ணை மட்டும் என் பக்கம் திருப்பினாரு. அப்புறம் டாக்டர் ஊசி போட்டாரு. அப்பவும் என்னைத்தான் பாத்துக்கிட்டிருந்தாரு. பாக்கறதை எப்ப நிறுத்தினாருன்னு தெரியல."

மூன்று நாளில் அவள் இவ்வளவு பேசியது இதுவே முதல் தடவை. தாய் வாசல் டப்பாவுக்குப் போனாள். கைப்பேசியை எடுத்து டைரக்டரைக் கூப்பிட்டாள்.

"சார், அந்தத் தலை தூக்குற இடம். கண்ணை மட்டும் திருப்பினா எப்படி இருக்கும்?"

"குழந்தைங்க பாக்கற படம்மா. தலை தூக்கினாத்தான் தியேட்டர்ல மூச்சு விடுவாங்க. அது அப்படியே இருக்கட்டும்." பிறகு, சற்று யோசித்து, "உங்களுக்காக ஒண்ணு எடுத்துப் பாக்கணும்னா பாருங்க. பொம்மையை மட்டும் உடைச்சிடாதீங்க" என்றார்.

அவள் மாற்றுப் பொம்மையை எடுத்து மேடையில் படுக்கவைத்தாள். கண்ணிமைகள் தனித்தனித் துண்டுகளாக ஒரு தட்டில் இருக்கும். ஒன்றைக் கழற்றி அடுத்ததைப் பொருத்த வேண்டும். கருவிழியை ஊசி முனையால் தள்ள வேண்டும். வாண்டு முக்காலியில் உட்கார்ந்து படமெடுக்கும் பொத்தானை அழுத்தினாள்.

"இவ்வளவு போதுமா?"

"இல்லம்மா, ரொம்ப வேகம். துரை எதையுமே வேகமா பண்ண மாட்டாரே."

அது உண்மைதான். விழியைப் பாதி வழி திரும்பத் தள்ளினாள். பொத்தான் சத்தம். அடுத்தது. ஒவ்வோர் அசைவுக்கும் நடுவில் வாண்டு ஒரு துண்டு சொன்னாள். வேனில் துரையின் தலை தன் மடியில் இருந்தது. மேசை இரும்பு மேசை, சில்லென்று இருந்ததால் தன் மேல்சட்டையைக் கழற்றி அடியில் போட்டாள். வேன் மாமா சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டார். ஆபீஸ் அக்கா, 'எட்டு அசைவு முடிஞ்சதும் அம்மா கூப்பிடுவாங்க' என்று சொன்னதால், ஒரு கையைத் துரையின் மேல் வைத்து, இன்னொரு கையில் கைப்பேசியைப் பிடித்திருந்தாள்.

ஊசி விழியின் மேல் நின்றுவிட்டது. பிறகு மெல்ல அதைத் தள்ளினாள்.

பத்தொன்பதாவது அசைவில் வாண்டு பொத்தானை அழுத்தவில்லை. திரும்பிப் பார்த்தால் பிள்ளை முக்காலியில் மடங்கி, வாயைத் திறந்து, சத்தமே வராமல் அழுதுகொண்டிருந்தது. பிறகு சத்தமும் வந்தது. அவள் ஊசியைக் கீழே வைத்துவிட்டுப் போய்த் தூக்கிக்கொண்டாள். பொம்மையின் கழுத்து இறங்கியிருக்கும். இறங்கட்டும் என்று விட்டாள். பிள்ளையின் கண்ணீரில் அவளுடைய கறுப்புச் சட்டை தோளில் நனைந்தது. அவள் கண் காய்ந்தே கிடந்தது. வராததை வா என்று இழுக்கவும் முடியாது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் கப்பலிலிருந்து அழைப்பு வந்தது. சிக்னல் விட்டு விட்டு வந்தது.

"எல்லாரும் எப்படி இருக்கீங்க? துரை என்ன பண்றாரு, தூக்கமா?"

"துரை போயிட்டாருங்க" என்றாள். "புதன்கிழமை."

கப்பலில் ஏதோ இயந்திரம் ஓடும் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு ஆள் மூச்சை இழுத்து இழுத்து விடுவது கேட்டது. எஞ்சின் அறையில் வேலை பார்க்கிற மனுஷன் அழுதார்.

"நீ பக்கத்துல இருந்தியா?"

ஆமாம் என்றால் முடிந்தது. இத்தனை தூரத்திலிருந்து யார் வந்து பார்க்கப் போகிறார்கள்?

"இல்ல. வாண்டு போன் பண்ணினா. நான் வேலையை முடிச்சிட்டுப் பேசலாம்னு இருந்துட்டேன். அவதான் கூட இருந்தா."

அவர் திட்டவில்லை. திட்டியிருந்தால்கூடத் தேவலை என்று இருந்தது. "அவகிட்ட குடு" என்றார்.

வாண்டு கைப்பேசியை வாங்கிக்கொண்டு தரையில் சம்மணமிட்டு உட்கார்ந்தாள். "அப்பா, மொதல்லேருந்து சொல்லட்டா?" என்று கேட்டுவிட்டு, மத்தியானம் துரை தண்ணிக் கிண்ணத்தை மூக்கால் தள்ளிவிட்டதிலிருந்து ஆரம்பித்தாள். அடுப்பில் பால் வைத்திருந்தது. தாய் போய் அடுப்பை அணைத்துவிட்டு வந்து, மகளுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, முதலிலிருந்து கேட்டாள்.