பெற்றோர் உள்ளவர்கள் வெளியே போகலாம்

வருஷத்துக்கு நான்கு தரம், பண்டிகைத் தொழுகையின் நடுவில், எங்கள் யூத ஜெப ஆலயத்துக் காரியஸ்தர் ஸிம்கா மேஜையைத் தட்டுவார். செத்துப்போன தாய் தகப்பனை நினைத்துச் சொல்லும் ஜெபம் வரப்போகிறது; பெற்றவர்கள் இரண்டு பேரும் உயிரோடு இருக்கிறவர்கள் வெளியே போய்விட வேண்டும். உள்ளே நின்றால் ஊரில் இருக்கிற பெற்றவர்களுக்கு ஆகாது என்பார்கள். பிள்ளைகள் ஓவென்று முற்றத்துக்கு ஓடும். அவர்கள் பின்னாலேயே தலையைக் குனிந்துகொண்டு நோயக்கும் போவான். அவனுக்கு வயது நாற்பத்திரண்டு.

முன்பெல்லாம் இதில் யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை. இந்தக் காலனியில் பாதிப்பேர் போலந்திலிருந்து தனியாகக் கப்பலேறி அர்ஜென்டினாவுக்கு வந்தவர்கள். பெற்றவர்கள் அங்கேயே இருந்தார்கள். முற்றத்தில் பத்துப் பதினைந்து பெரியவர்கள் நின்று மழையைப் பற்றியும் மாட்டைப் பற்றியும் பேசுவார்கள். பிறகு ஐரோப்பாவில் பெரிய சண்டை வந்தது. கடிதங்கள் நின்றன. சண்டை முடிந்து, பெற்றவர்களைக் கொன்றுவிட்ட செய்தி வந்ததும் ஒவ்வொருவராக உள்ளேயே நின்றுகொண்டார்கள். கடைசியில் மிஞ்சியது நோயக் ஒருவன்.

ஊர் வாய் சும்மா இருக்குமா? கசாப்புக்காரர் மனைவி, நோயக்குக்கு இன்னும் பால்பல் விழவில்லை, பாவம், விளையாடட்டும் என்று அவன் காதுபடவே சொன்னாள். ஸிம்கா மட்டும் ஒருநாள் நோயக் வேலை பார்க்கும் பால் சங்கத்துக்கே வந்து, பெற்றவர்கள் செத்த தேதி தெரியாதவர்களுக்கென்று நம் குருமார்களான ரபிகள் ஒரு நாள் குறித்திருக்கிறார்கள், அன்றைக்கு ஒரு விளக்கு ஏற்றினால் போதும் என்று தணிவாக எடுத்துச் சொன்னார். நோயக்குக்குச் சுருக்கென்று கோபம் வந்தது.

"கடுதாசி வரலைன்னா செத்துட்டாங்கன்னு ஆயிடுமா? தபாலாபீஸ் செத்துப்போயிருக்கும்," என்றான்.

ஸிம்கா தொப்பியைச் சரிசெய்துகொண்டு போய்விட்டார். அதன்பிறகு அவனிடம் யாரும் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. மெல்ல மெல்ல வேறு எந்தப் பேச்சையும் எடுக்கவில்லை. விடியற்காலையில் பால் கேன்களை எடை போடுவான், மத்தியானம் வீட்டுக்குப் போவான், ஒரே அறை, ஒரே தட்டு. சனிக்கிழமை சாப்பாட்டுக்கு வா என்று கூப்பிட்ட வீடுகளும் கூப்பிடுவதை நிறுத்திவிட்டன. அவனுக்கு அது வலிக்கத்தான் செய்தது. ஆனாலும் உள்ளே நிற்க மாட்டான்.

ஏன் மாட்டான் என்பது அவனுக்கு மட்டும்தான் தெரியும். முப்பத்தெட்டாம் வருஷம் பெற்றவர்களை வரவழைக்க அரசாங்க அனுமதிக் காகிதம் அவன் கைக்கு வந்துவிட்டது. அப்போது அவன் பள்ளிக்கூட வாத்தியார் மகள் ஒருத்தியிடம் பழகிக்கொண்டிருந்தான். பியானோ வாசிக்கிற வீடு. நோயக்கின் அப்பா லெய்ஸர் வண்டிக்காரர், எங்கே போனாலும் குதிரை வாடையும் அச்சுக்குத் தடவும் தார் வாடையும் கூடவே போகும். அம்மா பாஸ்யா மூக்கைத் தலைத்துணியில் துடைப்பாள். கல்யாணம் முடியட்டும், பிறகு வரட்டும் என்று நினைத்தான். அப்படி எழுத முடியுமா? உங்களுக்கென்று தனியாக ஓர் அறை கட்டிக்கொண்டிருக்கிறேன், முடிந்ததும் கூப்பிடுகிறேன் என்று எழுதினான். வாத்தியார் மகள் ரொசாரியோவில் ஒரு மருந்துக்கடைக்காரரைக் கட்டிக்கொண்டு போனாள். காகிதத்தின் கெடு தீர்ந்தது. அறைக்கு ஒரு செங்கல்கூட வாங்கவில்லை. அவர்கள் செத்துவிட்டார்கள் என்று ஒப்புக்கொண்டால், கொன்றது யார் என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

நாற்பத்தாறாம் வருஷக் குளிர்காலத்தில் சேணக்காரர் வெல்வலின் அண்ணன் மகள் மெரா வந்து சேர்ந்தாள். பராகுவே வழியாக, காகிதம் இல்லாமல். நோயக்கின் ஊர், நோயக்கின் தெரு. அவன் கப்பலேறும்போது அவள் ஆறு வயசுப் பிள்ளை. காலனியில் ஆளாளுக்கு அவளைத் தேடிப் போய்த் தங்கள் சொந்தங்களைப் பற்றி விசாரித்தார்கள். நோயக் மட்டும் போகவில்லை. அவள் தூக்குவாளியோடு பால் சங்கத்துக்கு வந்தால் இவன் கிடங்குக்குள் போய் வேலை இருப்பதுபோல் காலிக் கேன்களை நகர்த்துவான். நான்கு மாசம் இப்படியே ஒளிந்தான்.

பாவநிவாரண நாள் வந்தது. வசந்தம், முற்றத்து மலைவேம்பு முழுக்கப் பூ. முந்தின நாள் மாலையிலிருந்து ஊரே பட்டினி, தண்ணீர்கூடக் கிடையாது. ஆண்கள் துணிச் செருப்போடு நின்று மார்பில் குத்திக்கொண்டு பாவங்களை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். ஸிம்கா மேஜையைத் தட்டினார். நோயக் பிள்ளைகளோடு வெளியே வந்து மரத்தடியில் நின்றான். கதவு சாத்தப்பட்டது.

கொஞ்ச நேரத்தில் பெண்கள் பக்கத்துக் கதவு திறந்தது. மெரா வெளியே வந்தாள்.

அவள் வெளியே வருகிறாள் என்றால் அவள் பெற்றவர்கள் இருக்கிறார்கள். அந்தத் தெருவில் இரண்டு பேர் பிழைத்திருந்தால் இன்னும் இரண்டு பேர் பிழைத்திருக்கக் கூடாதா? நான்கு மாசம் ஒளிந்த மனுஷன் முற்றத்தைத் தாண்டி ஓடினான்.

"உங்கம்மா இருக்காங்களாம்மா? கடுதாசி வந்துச்சா?"

அவள் அவனை நிமிர்ந்து பார்த்தாள். முகம் சுண்ணாம்பாக வெளுத்திருந்தது.

"இல்லண்ணே. பதினோரு பேர் பேரு சொல்லணும் எனக்கு. ஏழாவது பேருக்கு மேல வாய் வரல. மூச்சு முட்டுச்சு, வந்துட்டேன்."

அவன் திரும்பிப் போயிருக்கலாம். ஆனால் நின்றான். அவளே மெதுவாகக் கேட்டாள்.

"நீங்கதானே நோயக் அண்ணன்? பாஸ்யா அத்தை புள்ள?"

அவன் தலையாட்டினான். அவள் சுவரில் சாய்ந்துகொண்டு சொன்னாள். ஜெர்மன்காரர்கள் யூதர்களை அடைத்துவைத்த பகுதியில் பதினான்கு பேருக்கு ஒரே அறை. அவள் குடும்பமும் அவன் பெற்றவர்களும் அதில்தான் இருந்தார்கள். மாமா குளிரில் போனார், அத்தை அடுத்த கோடையில், எல்லோரையும் கொல்லக் கொண்டுபோன நாளில். அதுவரைக்கும் அத்தை அவன் கட்டுகிற அறையைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தாள். சண்டை வந்ததால்தான் தடைபட்டது, இல்லாவிட்டால் இந்நேரம் அங்கே இருப்போம் என்பாள். படுக்க இடமில்லாதபோதுகூட மாமாவின் கட்டிலை எங்கே போடுவது, அலமாரியை எங்கே வைப்பது என்று திட்டம் போடுவாள்.

"ஜன்னல் எந்தப் பக்கம் வெச்சிருப்பான்னு அவங்க ரெண்டு பேருக்கும் தினம் சண்டைண்ணே. அத்தை கிழக்கம்பாங்க, மாமா தெருப்பக்கம்பாரு," என்றாள் மெரா. "எந்தப் பக்கம் வெச்சீங்க?"

ஒரு பொய் அவன் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. கிழக்கு என்று சொல்லிவிட்டால் போதும்.

"கட்டவே இல்லம்மா," என்றான் நோயக். "பொய் எழுதினேன். அவங்க வந்தா எனக்கு வெட்கமா இருக்கும்னு நெனச்சேன்."

பரவாயில்லை என்று மெரா சொல்வாள் என அவன் காத்திருந்தான். அவள் அதைச் சொல்லவில்லை. "உள்ள போங்கண்ணே," என்றாள். "அவங்க பேரச் சொல்ல உங்களை விட்டா ஆள் இல்ல."

அவன் கதவைத் தள்ளினான். ஸிம்கா பார்த்தார், தடுக்கவில்லை. நோயக் தன் இடத்துக்குப் போய்ப் புத்தகத்தைத் திறந்தான். எந்தப் பக்கம் என்று தெரியவில்லை. பிறந்ததிலிருந்து அந்த ஜெபத்துக்கு வெளியேதான் இருந்திருக்கிறான். அதில் ஒரு வரியும் அவனுக்குத் தெரியாது. முன்னும் பின்னும் புரட்டினான். கண் மறைத்தது.

பக்கத்தில் நின்ற வெல்வல் புத்தகத்தை அவன் கையிலிருந்து வாங்கிப் பக்கத்தைத் திருப்பி, வரியில் விரல் வைத்துக் காட்டினார். நடுவில் பெயருக்காகக் கொஞ்சம் இடம் விட்டிருந்தது.

"அம்மா பேரு இங்க," என்றார் வெல்வல் காதோரமாக. "அப்பா பேரு இங்க."

மற்றவர்கள் எல்லோரும் சொல்லி முடித்திருந்தார்கள். அந்த அமைதியில் நோயக் இரண்டு பெயர்களையும் சொன்னான். வெளியே பிள்ளைகள் சத்தம் போட்டு விளையாடிக்கொண்டிருந்தன.