காசிமாயன் கட்டிய பழைய பாட்டுகள்

பேரையூர் காசிமாயன் 1974ஆம் வருடம் வைகாசி மாதம் கட்டிய முதல் பாட்டுக்கு, அவன் அதைப் பாடி முடித்தபோது நூற்றைம்பது வயதாகியிருந்தது. விளாங்குடியில் ஒரு கல்யாண வீட்டில் இது நடந்தது. கருத்தக்கண்ணன் என்பவர் நடத்திய இன்னிசைக் குழு சினிமாப் பாட்டுகளை வரிசையாகப் பாடிக்கொண்டிருந்தது. பாடகிக்குத் தொண்டை கட்டிக்கொள்ள, கிதார் வாசித்துக்கொண்டிருந்த காசிமாயன் மைக் முன்னால் வந்து, முந்தின நாள்தான் எழுதி முடித்த தன் சொந்தப் பாட்டை எடுத்துவிட்டான். பேரையூர் பஸ்ஸைப் பற்றிய பாட்டு. கை காட்டியும் நிற்காமல் போகிற பஸ், அதில் ஜன்னலோரம் உட்கார்ந்து திரும்பிப் பார்க்காமல் போகிற பெண். இரண்டாவது அடியிலேயே பந்தலில் இருந்த பெரியவர்கள் தலையாட்டத் தொடங்கினார்கள். மூன்றாவது அடியைப் பெண்கள் அவனுக்கு முன்னாலேயே பாடிவிட்டார்கள். நான்காவது அடியில் அவன் ஒரு வார்த்தையைத் தவறவிட, சமையல்காரர் கரண்டியோடு வெளியே வந்து அதை எடுத்துக் கொடுத்துவிட்டுப் போனார். மேடையிலிருந்து இறங்கியதும் கருத்தக்கண்ணன் அவன் தோளில் கைபோட்டு, "ஏப்பா காசி, எங்க ஐயா ஏர் ஓட்டயில படிக்கிற பாட்டுல்ல இது. நீ எங்க புடிச்ச?" என்று கேட்டார். "நான் கட்டுனதுண்ணே" என்றான் காசிமாயன். "எங்க ஐயா செத்து இருவது வருசமாச்சுப்பா" என்று அவர் பொறுமையாகச் சொன்னார். பேரையூருக்கு பஸ் வந்தே அத்தனை வருடம் ஆகவில்லை என்பதை அந்தப் பந்தலில் ஒருவரும் யோசிக்கவில்லை.

கிதார் வந்த வழியையும் சொல்லிவிட வேண்டும். அதற்கு இரண்டு வருடம் முன்பு மேலமாசி வீதிப் பக்கம் ஒரு லாட்ஜில் காசிமாயன் படுக்கை விரிப்பு மாற்றும் வேலையில் இருந்தான். அங்கே கனடா நாட்டுத் தாடிக்காரன் ஒருவன் மூன்று மாதம் தங்கினான். அவன் மாகாணத்தில் சுற்றிலும் இங்கிலீஷ் பேசுகிறவர்கள், நடுவில் அவனுடைய ஊர்க்காரர்கள் மட்டும் பிரெஞ்சு பேசுகிறவர்களாம். அந்த ஊர்ப் பேச்சிலேயே, மரம் அறுக்கும் மில்லையும் பனியையும் வைத்துப் பாட்டுக் கட்டி, கிதாரைக் கரண்டில் மாட்டி அலறவிட்டுப் பாடுவது அவன் தொழில். இரண்டு பாஷையும் தெரியாத காசிமாயனுக்கு, அந்த ஆள் தன் தெருவைத்தான் பாடுகிறான் என்பது மட்டும் சந்தேகமில்லாமல் விளங்கியது. மஞ்சள்காமாலை வந்து ஊர் திரும்பும்போது தாடிக்காரன் கிதாரை அவன் கையில் கொடுத்துவிட்டுப் போனான். அன்றைக்குப் பிடித்தது பிடிவாதம். நம் பேச்சில், நம் வெயிலையும் கண்மாயையும் வைத்து, உறுமியும் கிதாரும் சேர்ந்து முழங்கும்படி நூறு பாட்டுக் கட்ட வேண்டும், அவற்றைக் காசிமாயன் பாட்டு என்று ஊர் சொல்ல வேண்டும். பாட்டுக் கட்டுவது சுலபமாக நடந்தது. ஊரைச் சொல்ல வைக்கத்தான் அவன் பன்னிரண்டு வருடம் மண்டையை உடைத்துக்கொண்டான்.

மின்வெட்டைப் பற்றி அவன் பாடியது இருநூறு வருடத்துக்கு முந்தையது என்று முடிவாயிற்று. கோச்சடைச் செங்கல் சூளைப் பாட்டு அதற்கும் மூத்தது. ரேஷன் கடை வரிசையைப் பற்றிய பாட்டைத் தங்கள் கொள்ளுத்தாத்தா பாடுவாராம் என்று மூன்று ஊர்க்காரர்கள் சண்டை போட்டுக்கொண்டார்கள். இதில் யாரும் பொய் சொல்லவில்லை என்பதுதான் கொடுமை. பாட்டைக் கேட்ட மாத்திரத்தில் அது அவர்களுடைய சின்ன வயசுக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. எந்த வயலில், யார் வாயிலிருந்து, என்ன மழையில் கேட்டோம் என்பதுவரை அவர்களால் சொல்ல முடிந்தது. 1977இல் ஒரு கல்லூரிப் பேராசிரியர் டேப்ரிக்கார்டரோடு வந்து காசிமாயனைப் பாடச் சொல்லிப் பதிவு செய்தார். எல்லாம் கேட்டுவிட்டு, "தம்பி, நல்லாப் பாடுறீங்க. ஆனா மூலத்துல பஸ் வராது. அங்க பல்லக்குன்னு இருந்திருக்கணும், பஸ் யாரோ பின்னால செருகினது" என்று கனிவாகத் திருத்தினார். செருகியவன் எதிரே உட்கார்ந்து டீ ஆற்றிக்கொண்டிருந்தான்.

அதன் பிறகு அவன் சட்டத்தின் காலைப் பிடித்தான். நிலத்துக்குப் பத்திரம் உண்டென்றால் பாட்டுக்கு ஏன் கூடாது என்பது அவன் கேள்வி. நம் பக்கத்து ஆளுக்கு எது கை நழுவினாலும் முதலில் தோன்றுவது பத்திரம்தான், அதனால் அவனை யாரும் பைத்தியம் என்று சொல்லவில்லை. பத்திரம் எழுதுகிறவர் மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு, நான்கு எல்லையும் இல்லாமல் பத்திரம் எழுத முடியாது என்று சொல்லிவிட்டு, "பாட்டுக்கு வடக்க என்ன இருக்கு?" என்று கேட்டார். காசிமாயன் யோசித்துச் சொல்லச் சொல்ல, வடக்கே பல்லவி, தெற்கே மூன்றாம் சரணம், கிழக்கே உறுமி, மேற்கே கிதார், இதற்குள் அடங்கிய பாட்டு ஒன்று என்று அவர் அழகான கையெழுத்தில் எழுதினார். உறுமிக்கார முத்திருளன் சாட்சிக் கையெழுத்துப் போட்டான். பத்திரம் பதிவானது. மூன்று மாதம் கழித்து வில்லங்கச் சான்று எடுத்துப் பார்த்தபோது, மேற்படி பாட்டு ஜமீன் காலம் முதல் ஊர்ப் பொதுவில் இருந்து வருவதாகவும், தனி ஆள் அனுபவம் எதுவும் கிடையாது என்றும் அதில் கண்டிருந்தது. முத்திருளன் அதை வாங்கி இரண்டு தரம் படித்துவிட்டு, "சரியாத்தானடா போட்டுருக்கான்" என்றான். காசிமாயன் அவனோடு ஒரு வருடம் பேசவில்லை.

1980இல் அவனுக்குக் கல்யாணம் ஆனது. ஒச்சாயி கோச்சடையில் வாடகை வீட்டுக்குக் குடிவந்து, நூல் மில்லுக்கு வேலைக்குப் போனாள். புருஷன் சொல்வதை அவள் ஒருத்திதான் நம்பினாள். குழாயடியில் யாராவது பஸ் பாட்டை முணுமுணுத்தால், "அது எங்க வீட்டுக்காரர் கட்டுனது" என்று குடத்தைக் கீழே வைத்துவிட்டுச் சொல்லுவாள். அவர்கள் சிரிப்பார்கள், அவள் மறுநாளும் சொல்லுவாள். அந்த நம்பிக்கையைப் பார்த்துத்தான் காசிமாயனுக்கு ஒரு யோசனை வந்தது. ஊர் போகட்டும், உலகத்தில் ஒரே ஒரு ஜீவன், தான் கட்டிய ஒரே ஒரு பாட்டைத் தன்னுடையது என்று தெரிந்து வைத்திருந்தால் போதும். மில் சங்கு ஊதும் சத்தத்தையும், அவள் தலைமுடியில் பஞ்சு ஒட்டிக்கொண்டு வருவதையும் வைத்து ஒரு பாட்டு எழுதினான். அவள் பக்கத்தில் உட்கார்ந்து வெங்காயம் உரிக்க, அவள் கண் முன்னாலேயே, அடித்து அடித்துத் திருத்தி எழுதினான். பிறகு அடுப்படிக் கதவைச் சாத்திவிட்டு அவளுக்கு மட்டும் பாடினான். முதல் சரணம் முடிவதற்குள் அவள் வாயைப் பொத்திக்கொண்டு அழ ஆரம்பித்தாள். "நீங்க எழுதுனத நான் கண்ணால பாத்தேன். எங்க ஆத்தா நாத்து நடயில பாடுனதயும் காதால கேட்டேன். ரெண்டும் நெசமா இருக்கு. நான் என்னங்க செய்ய?"

அவள் மேல் கோபப்பட அவனுக்கு ஒரு நியாயமும் இல்லை. ஆனாலும் கோபப்பட்டான். சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து போனவன் பதினொரு நாள் வீட்டில் வாய் திறக்கவில்லை. அவளும் கெஞ்சவில்லை; சோறு வைத்தாள், வேலைக்குப் போனாள், குழாயடியில் வழக்கம்போலச் சண்டை போட்டாள். அதன் பிறகு ஒரு கேசட் போட்டுப் பார்த்தான். அட்டையில் அவன் கிதாரோடு நிற்கும் போட்டோவும், இயற்றிப் பாடியவர் காசிமாயன் என்ற எழுத்தும் அச்சாகி வந்தன. கடையில் வைத்த அன்று சாயங்காலத்துக்குள் போட்டோ இருந்த இடத்தில் நாற்று நடும் பெண்கள் வந்துவிட்டார்கள், எழுத்து கிராமியப் பாடல்கள் என்று ஆகிவிட்டது. கேசட் நன்றாக விற்றது. டீக்கடை, லாரி, காதுகுத்து என்று எங்கே போனாலும் அவன் குரல் அலறிக்கொண்டிருந்தது. அந்தக் குரலைக் கேட்டபடியே ஜனங்கள் அவனைத் தள்ளி நிற்கச் சொன்னார்கள். அவன் மறுபடி கருத்தக்கண்ணன் குழுவில் சேர்ந்து, யாரோ கட்டிய சினிமாப் பாட்டுகளை வாசித்துக் காலத்தை ஓட்டினான். அந்த வருடங்களில் அவன் முகத்தைப் பார்த்து யாரும் நேயர் விருப்பம் கேட்டதில்லை.

1986 மாசியில் அவனுக்குக் கடைசி யோசனை தோன்றியது. பாட்டுக்கு வெளியே பேர் நிற்க மாட்டேன் என்கிறது, சரி, பாட்டுக்குள்ளேயே வைத்துக் கட்டிவிடுவோம் என்று நினைத்தான். 'பேரையூரு மேக்கால காசிமாயன் கட்டுன பாட்டு, பேரை விட்டுப் பாடுறவகளுக்குப் பாதியில விக்கும்' என்று தொடங்கி, அடிக்கு அடி தன் பேர் வரும்படி இருபத்து நாலு அடி எழுதினான். பேர் இல்லாமல் அந்தப் பாட்டைப் பாட முடியாது, பிடுங்கினால் மொத்தமும் சரிந்துவிடும். சிவராத்திரிக்கு மறுநாள் பட்டப்பகலில், பேரையூர்ப் பொட்டலில், முத்திருளன் உறுமி அடிக்க அதை முழுசாகப் பாடினான். பாடி முடித்ததும் கூட்டத்தில் அத்தனை பேரும் தலைக்கு மேல் கையைத் தூக்கிக் கும்பிட்டார்கள். காசிமாயன் மேடையிலேயே தேம்பி அழுதான். பன்னிரண்டு வருடத்துக்குப் பிறகு தன்னைக் கண்டுகொண்டார்கள் என்று அவன் நினைத்ததில் தப்பு ஒன்றும் இல்லை.

மறுநாள் காலையில், அவன் அப்பாவுடைய செவக்காட்டுக்கு மேற்கே, அதுவரை கருவேலம் புதர் மட்டுமே இருந்த இடத்தில், முந்நூறு வருடத்துக் கோயில் ஒன்று இருந்தது. கிராமக் கணக்கு வரைபடத்திலும் இருந்தது. உள்ளே ஆள் உயரத்துக்குச் சுட்ட மண் சிலை, காசிமாயன் மூஞ்சி, காசிமாயன் மீசை, மார்புக்குக் குறுக்கே கிதார். கிதாரின் அடியிலிருந்து ஒரு மண் வயர் இறங்கிப் பூமிக்குள் போனது. முந்தின நாள்வரை ஆடு மேய்த்துக்கொண்டிருந்த சோணை எட்டாவது தலைமுறைப் பூசாரியாக நின்று, காசிமாயசாமியின் கையில் இருப்பது அந்தக் காலத்து ஆயுதம் என்று வந்தவர்களுக்கு விளக்கிக்கொண்டிருந்தான். காசிமாயனைப் பார்த்ததும் மரியாதையாக, "வாங்கண்ணே. உங்களுக்கு நம்ம சாமி பேரத்தான வச்சாக, ஒரு தடவகூட கோயில் பக்கம் வரலயே" என்றான். காசிமாயன் அப்பா வீட்டுக்குப் போய்க் கடப்பாரையை எடுத்துக்கொண்டு திரும்பினான். சிலையை உடைத்துவிடுவது என்று தீர்மானித்திருந்தான். இவ்வளவு ஏமாற்றத்தை ஒரு மனுஷன் சுமக்க முடியாது என்று நாமும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

அதற்குள் கோயில் வாசலில் பொங்கல் வைக்கப் பெண்கள் கூடியிருந்தார்கள். அவர்களுக்கு நடுவில் ஒச்சாயி ஈரச் சேலையோடு, தலையில் புதுப் பானையோடு நின்றாள். மில்லுக்கு லீவு சொல்லிவிட்டு, கோச்சடையிலிருந்து முதல் பஸ்ஸில் வந்திருந்தாள். கடப்பாரையையும் அவன் முகத்தையும் பார்த்தாள், பயப்படவில்லை.

"எதுக்கு வந்த?" என்று கேட்டான்.

"நேத்திக்கடன். கல்யாணமான வருசம் நேந்துக்கிட்டது, இன்னைக்குத்தான் வாச்சுது."

"என்னான்னு நேந்த?"

அவள் சிலையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "எங்க வீட்டுக்காரர் பாட்டுக் கட்டணும்னு உசுரா கெடக்காரு. சொந்தமா ஒரே ஒரு பாட்டு, எம்புட்டுச் சின்னதா இருந்தாலும் சரி, அவருக்குன்னு குடுத்துரு சாமின்னு கேட்டுருக்கேன். வருசா வருசம் பொங்க வைக்கிறேன்னு சொல்லியிருக்கேன்."

காசிமாயன் அவளையும் பார்த்தான், சிலையையும் பார்த்தான். மண் கண் இரண்டும் அவன் கண்ணைப் போலவே சிவந்து, தூக்கம் இல்லாமல் இருந்தன. அந்த ஆளாலும் ஒன்றும் ஆகாது என்று உலகத்திலேயே அவனுக்கு மட்டும்தான் தெரியும். அவன் தொண்டையைச் செருமிக்கொண்டான்.

"கேட்டுட்டேல்ல. குடுப்பாரு" என்றான்.

பிறகு கடப்பாரையால் அடுப்புக்குக் குழி தோண்டி, மூன்று கல்லைப் புதைத்து, அவள் தலையிலிருந்து பானையை இறக்கி வைத்தான்.