அட்டை ஒட்டிய ஜன்னல்

எனக்குத் தொழில் கண்ணாடி வெட்டுவது. என் வீட்டுச் சமையலறை ஜன்னலில் கண்ணாடி கிடையாது, அட்டை. பதினோரு வருஷமாக. "ஒரு கண்ணாடி போடுங்க, பட்டப்பகல்ல லைட்டப் போட்டுட்டு சமைக்கிறேன்" என்று மனைவி கடைக்கு வந்து சொல்லும்போதெல்லாம் நான் நிமிராமலே "ம்" என்பேன். வெட்டும்போது கண்ணை எடுத்தால் கோடு கோணலாகிவிடும் என்பது என் நியாயம்.

நாலு மாதத்துக்கு முன்னால் அவள் அக்கா வீட்டுக்குப் போய்விட்டாள். போகிற அன்று கடை வாசலில் நின்று ஏதோ சொன்னாள். அதற்கும் "ம்" என்றேன். என்ன சொன்னாள் என்று எவ்வளவு யோசித்தாலும் வரவில்லை. போன் பண்ணினால், "நல்லா இருக்கேன்" என்று வைத்துவிடுகிறாள்.

இது போக, இரண்டு வருஷமாக ஒரு வரி வழக்கு. வாங்கிய கண்ணாடி அத்தனையும் விற்றுத் தீர்ந்ததாக எடுத்துக்கொண்டு, அதற்கெல்லாம் வரி கட்டச் சொல்லி நோட்டீஸ் வந்திருந்தது. உடைந்து போனதும் உண்டு என்று காட்ட, விசாரணைக்கு ஒரு சாக்கு கண்ணாடி உடைசலைச் சுமந்துகொண்டு போனேன். அதிகாரி போனில் இருந்தார். வருகைப் பதிவேட்டைக் கண்ணால் காட்டினார். கையெழுத்துப் போட்டேன். கையாலேயே வாசலைக் காட்டினார். அடுத்த மாதம் உத்தரவு வந்தது: 'வணிகர் நேரில் ஆஜராகித் தன் தரப்பைத் தெரிவித்தார். அது ஏற்கத்தக்கதல்ல.'

நான் தெரிவித்தது ஒரு வணக்கம்தான். அதைக்கூட ஏற்கவில்லை.

மேல்முறையீட்டுக்கு வக்கீல் பிடிக்கப் போனால், "கையெழுத்த போட்டுட்டு இப்ப வந்து அதிகாரி கேக்கலைன்னா எப்படிங்க?" என்று சிரித்தார். அதனால் நானே போய் நின்றேன், சாக்கோடு.

மேல்முறையீட்டை விசாரித்தவர் ஒரு அம்மாள். இலாகா வக்கீல் எழுந்து, "ஆஜரானதுக்குக் கையெழுத்து இருக்கும்மா" என்றார்.

"வந்தார், சரி. என்ன சொன்னார்?"

"தன் தரப்பைத் தெரிவித்தார்னு உத்தரவுலயே இருக்கு."

"அதான், என்ன தரப்பு?"

வக்கீல் தாளைத் திருப்பினார். பின்பக்கம் வெள்ளையாக இருந்தது.

அம்மாள் என் பக்கம் திரும்பினார். "நீங்க என்ன சொல்ல வந்தீங்க?"

இரண்டு வருஷமாகக் குளிக்கும்போதெல்லாம் ஒத்திகை பார்த்த பேச்சு. அதில் இரண்டே வார்த்தைதான் வெளியே வந்தது.

"கண்ணாடி உடையும்மா."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதாம்மா."

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். அம்மாள் சிரிக்கவில்லை, எழுதிக்கொண்டார். அப்புறம் எழுத்தருக்குச் சொன்னார்: "வந்து நின்னதுக்குத்தான் கையெழுத்து சாட்சி. சொன்னதைக் கேட்டதுக்கு, அதுக்குக் குடுத்த பதில்தான் சாட்சி. பதிலே இல்லாததால உத்தரவு ரத்து. வேற அதிகாரி திரும்ப விசாரிக்கணும்."

ஜெயித்தவன் துள்ளிக் குதித்திருக்க வேண்டும். எனக்குப் பதினோரு வருஷத்து "ம்" மொத்தமும் ஒன்றன்பின் ஒன்றாகக் காதில் விழுந்தது. அதில் ஒன்றுகூடப் பதில் இல்லை.

வீட்டுக்கு வந்ததும் அட்டையைக் கிழித்தேன். அளவெடுத்து வெட்டிய முதல் கண்ணாடி உடைந்தது. முப்பது வருஷத் தொழில்காரன்! இரண்டாவது பொருந்தியது. சாயங்கால வெயில் அடுப்பு மேடைக்கு வந்து, அவள் கைத்துண்டு மாட்டும் வெறும் ஆணியில் நின்றது. கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு போன் பண்ணினேன்.

"நல்லா இருக்கேன்" என்றாள்.

"வச்சிடாத. ஜன்னலுக்குக் கண்ணாடி போட்டுட்டேன்."

"யார் வீட்டுக்கு?"

"நம்ம வீட்டுக்கு." அப்புறம் கேட்டேன். "போற அன்னைக்கு வாசல்ல நின்னு என்ன சொன்னே?"

"நாலு மாசம் கழிச்சா கேக்குறீங்க?"

"அன்னைக்கு என் காதுல விழல. தப்புதான். இப்ப சொல்லு."

வைத்துவிட்டாளோ என்று நினைத்தேன். அந்தப் பக்கம் அவள் அக்கா, "யாருடி போன்ல?" என்பது கேட்டது.

"அவருதான்க்கா. அடுப்ப நீ பாத்துக்கோ. இதுக்கு நேரமாகும்."

நாற்காலி இழுபடும் சத்தம் வந்தது. வாய் வரைக்கும் வந்த "ம்"மை விழுங்கிவிட்டு, போனைக் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டேன்.