அறுவடைக்கு மறுவாரம்

இரண்டு போகம் விளையும் நிலத்தை நில அலுவலகம் எப்படித் தரிசு என்று எழுதியது? கோப்பில் இருந்த படம் அவளுடைய வயல்தான். ஆனால் அதில் ஒரு பயிர்கூட இல்லை. தரிசு என்றால் மனை போட்டுவிடலாம். அப்படி எழுதிய ஆய்வாளன் அவள் கொழுந்தன்.

"படம் பொய் சொல்லுமா அண்ணி? பேசாம வித்துடுங்க," என்று இளித்தான்.

அவள் படத்தின் மூலையிலிருந்த தேதியைப் பார்த்தாள். அறுவடைக்கு மறுவாரம்! அறுத்து உழுதுபோட்ட எந்த வயலும் அந்த வாரம் வெறும் மண்தான். அடுத்த அறுவடைவரை காத்திருந்தாள். அது முடிந்த மறுவாரம் கொழுந்தனின் வயலைப் படமெடுத்து மேல்முறையீட்டில் சேர்த்தாள்.

விசாரணையில் அவன் பதறினான். "என் வயலை எதுக்கு அண்ணி இழுக்குறீங்க?"

"நீ அளந்த அதே படியாலதான் தம்பி நானும் அளந்தேன். என்னோடது தரிசுன்னா உன்னோடதும் தரிசு. அதையும் எழுதச் சொல்லு."

மேலதிகாரி இரண்டு படங்களையும் அருகருகே வைத்துப் பார்த்துவிட்டு உத்தரவு எழுதினார்: தரிசு என்ற பதிவு ரத்து, ஆய்வாளர் பணியிடை நீக்கம், இனிப் பயிர் நிற்கும் மாதத்தில் எடுத்த படமே செல்லும்.