கிளிக்காகத் தூக்கிய தகரம்

தொண்ணூற்றெட்டு மார்கழியில், ஹாலிஎலைக்கு மேலே எங்கள் தேயிலைத் தோட்டத்தில், பனிமூட்டம் தொழிலாளர் குடியிருக்கும் லயத்து அறைக்குள்ளேயே வந்து படுத்துக்கொண்டது. குளிரில் கிளி செத்துவிடுமே என்று நான்தான் கூண்டை அடுப்புக்கு மேலே, விறகு காய வைக்கும் பரணில் கட்டித் தொங்கவிட்டேன். அதைவிடச் சூடான இடம் லயத்தில் ஏது? மனைவி விஜயலெட்சுமி வேண்டாம் என்றாள். நான் கேட்டால்தானே.

நாலாம் நாள் கிளி கண் திறக்கவில்லை. வாயைப் பிளந்து, ஒவ்வொரு மூச்சுக்கும் வாலை ஆட்டியது. பிள்ளையில்லாத வீட்டில் "புவனேந்திரா" என்று என்னைப் பேர் சொல்லிக் கூப்பிடும் ஒரே உயிர் அது. வேலைக்குப் போகாமல் கூண்டோடு பள்ளிக்கூடத்துக்கு ஓடினேன். விஞ்ஞானம் படிப்பிக்கும் செல்வநாயகி டீச்சர் யாழ்ப்பாணத்துக்காரர்.

"புகைக்குள்ள ஏன் வைச்சனீங்கள்?" என்றார். "எங்களுக்குக் காத்து போன வழியாலையே திரும்பி வரும். பறவைக்கு அப்பிடியில்லை. முன்னுக்கும் பின்னுக்கும் காத்துப்பைகள் இருக்கு. நுரையீரலுக்குள்ள காத்து ஒரே பக்கமாத்தான் ஓடும். மூச்சை விடேக்கையும் அதுக்குப் புதுக்காத்து கிடைக்கும். சில எலும்புக்குள்ளையும் காத்து போகும்."

"அப்ப பொகை, டீச்சர்?"

"புகையும் அதே வழியாலதான். எங்களைவிட அதுக்குக் கெதியா ஏறும்."

மறுநாள் மத்தியானம் வாசல் இஸ்தோப்புத் திண்ணையில் கிளியை நெஞ்சின்மேல் வைத்துச் சாய்ந்திருந்தேன். பனி தேயிலைமேல் நகர்ந்துகொண்டிருந்தது. கண் சொருகியது. காற்று என் முதுகு வழியாக நுழைந்து, எலும்பெல்லாம் சுற்றி, திரும்பாமல் முன்னால் போய்க்கொண்டே இருந்தது. உடம்பில் பாரமே இல்லை. மலையும் என்னோடு சேர்ந்து மூச்சுவிட்டது, நான் அதற்குமேல் எங்கோ மிதந்தேன். விழித்தபோது கிளி என் சட்டைப் பொத்தானைக் கொத்திக்கொண்டிருந்தது. சந்தோஷத்தில் எனக்கு அழுகை வந்துவிட்டது.

இனி என் கிளி இருக்கும் வீட்டில் புகை நிற்கக் கூடாது. அப்போதே கூரையேறி, அடுப்புக்கு நேர் மேலே ஒரு தகரத்தைத் தூக்கிக் கல்லை முட்டுக் கொடுத்தேன். தோட்டத்துத் துரை கேட்டால் கேட்கட்டும். புகை குபுகுபுவென்று மேலே போனது. இறங்கி வந்து, "பாத்தியா, அரைமணி நேரத்துல முடிச்சிட்டேன்," என்று பெருமையடித்தேன்.

விஜயலெட்சுமி ஊதுகுழலைக் கீழே வைத்து, மேலே தெரிந்த வானத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"ஆறு வருசமா இந்த அடுப்படியில இருமிக்கிட்டுக் கெடக்குறேன்," என்றாள். "அரைமணி நேர வேலைதானாங்க இது?"

அவள் குரலில் கோபமே இல்லை. கோபப்பட்டிருந்தால் நானும் பதிலுக்குக் கத்தியிருப்பேன்.